மூணாவது விசில்

எல்லாரும் எந்திரிச்சுப் போயாச்சு, இந்தக் கிழவர் மட்டும் ஏன் போகலை. பிரிட்டோ ஸ்க்ரீனையே பார்த்துக்கிட்டு உட்கார்ந்திருந்தான். சாலிகிராமத்துல டீ நேரம்னா புடாபெஸ்ட்ல மத்தியானச் சாப்பாட்டு நேரம், அறுபது ஹங்கேரிக்காரங்களும் தூங்குற குழந்தையைப் படுக்கப் போடுற மாதிரி வயலினை நாற்காலியில படுக்கப் போட்டுட்டு வெளியே போயிட்டாங்க, இப்ப அந்தப் பெரிய ஹால்ல காலி நாற்காலி, நோட்ஸ் ஸ்டாண்டு, ஒரு ஓரத்துல பியானோ, பியானோ முன்னாடி அவர். இங்க வரதன் சார் டீ குடிக்க கீழ போயிட்டாரு, இன்ஜினியர் முஸ்தபா பாயையும் கூட்டிக்கிட்டு. படத்துக்கு மியூசிக் வரதன் சார். பிரிட்டோ அவருக்கு அசிஸ்டெண்ட், அதாவது அவர் போன்ல முனகி அனுப்புற ட்யூனை நோட்ஸா மாத்தி, கடல் தாண்டி அனுப்பி, அங்க வாசிக்கிறதை இங்க உட்கார்ந்து கேட்டு, தப்பு வந்தா திட்டு வாங்குறது வரைக்கும் அவன் வேலை. போகும்போது சார் சொல்லிட்டுப் போனாரு, லைனைப் பார்த்துக்க, யாராச்சும் ஏதாச்சும் கேட்டா ஃபைவ் மினிட்ஸ்னு சொல்லு, அதுக்கு மேல வாயைத் திறக்காதே. பிரிட்டோகிட்ட வாயைத் திறக்காதேன்னு சொல்றது மீன்கிட்ட நனையாதேன்னு சொல்ற மாதிரிதான், ஆனா இன்னிக்கு வாய் தன்னாலயே ஒட்டிக்கிட்டிருந்துச்சு, ஏன்னா கிழவர் கையில இருக்கிற பேப்பர் சமையக்கட்டு சீனுக்கான பேப்பர், அவர் விரல் வெச்சிருக்கிறது ஃப்ளூட் வரியில. ஒத்தை விரலால பியானோவுல ஒரு சுரத்தை அழுத்துறாரு, நீளமா. காத்திருக்காரு. மறுபடியும் அதே சுரம். மறுபடியும் காத்திருக்காரு. அப்புறம் பக்கத்து வீட்டுல யாரோ தன்னைக் கூப்பிட்ட மாதிரி தலையைச் சாய்ச்சுக்கிறாரு.

அந்த ரெண்டு சுரம் வரதன் சார் போட்டது இல்ல. பிரிட்டோ போட்டதும் இல்ல. ப்ரேக்குக்கு முன்னாடி ஒரு தடவை சும்மா வாசிச்சுப் பார்த்தாங்க, அப்ப சார் வராண்டாவுல ப்ரொட்யூசரோட போன்ல மல்லுக்கட்டிக்கிட்டிருந்ததால தப்பிச்சுது. அந்த ஃப்ளூட் அம்மா, பச்சை ஸ்வெட்டர் போட்டவங்க, நல்லா மூச்சை இழுத்து அந்தச் சுரத்தைக் கீழேருந்து வழுக்கி மேல கொண்டு போய் நிறுத்தினாங்க, பிரிட்டோவுக்கு முதல்ல காது ஒண்ணும் சொல்லல, வயிறுதான் சொல்லுச்சு. பசிச்சுது. மத்தியானம் பிரியாணி தின்னவனுக்கு எதுக்குடா பசின்னு யோசிக்கும்போதே ரெண்டாவது தடவை வந்துச்சு, அப்பத்தான் இது வீட்ல கேட்ட சத்தமாச்சேன்னு தோணுச்சு. எல்லாரும் எந்திரிச்சுப் போன உடனே ஹெட்போனை மாட்டி வீட்ல ரெக்கார்ட் பண்ணின பழைய ஃபைலைத் திறந்து கேட்டான். அவனுக்கு ஃப்ளூட் வாசிக்கத் தெரியாது, அதனால ஃப்ளூட் வர்ற இடமெல்லாம் வாயாலயே விசில் அடிச்சு மைக்குல பிடிச்சு சாஃப்ட்வேர்கிட்ட குடுத்துடுவான், அது விசிலைக் கேட்டு நோட்ஸா எழுதித் தந்துடும், நல்ல பிள்ளை, சொன்ன வேலையைச் செய்யும், ஆனா எது யார் விசில்னு அதுக்கு என்ன தெரியும். பெரம்பூர் வீடு ஒரே ரூம். கட்டில்ல பிரிட்டோ, மைக்கு, லேப்டாப்; நாலடி தள்ளி அடுப்பு, அடுப்பு மேல குக்கர். அம்மா தண்ணி லாரி வந்துடுச்சுன்னு குடத்தைத் தூக்கிட்டுப் போகும்போது, டேய் மூணு விசில் வந்தா அணைச்சுடுன்னு சொல்லிட்டுப் போனது கூட ஃபைல்ல இருந்துச்சு. அப்புறம் அவன் விசில். அப்புறம் குக்கர் விசில். அவன் விசில், குக்கர் விசில். அப்புறம் ரொம்ப நேரம் ஒண்ணும் இல்ல, கடைசியா அவனோட குரல், அம்மா, கேஸ் தீந்துடுச்சு. பேச்சையெல்லாம் சாஃப்ட்வேர் தள்ளிவிட்டுடுச்சு. விசிலை மட்டும் மரியாதையா வாங்கிக்கிச்சு. அரைவேக்காட்டுச் சோத்தைத் தயிர் ஊத்திப் பிசைஞ்சு தின்னுட்டு ராத்திரியோட ராத்திரியா அனுப்பிட்டான், ஒரு தடவை ஓட்டிப் பார்த்திருக்கலாம், பார்க்கல.

பியானோவுல மறுபடியும் அந்தச் சுரம். இந்த ஆளுக்கு என்ன வந்துச்சு. பேர் ரேதெய் காஷ்பார். அவங்க ஊர்ல வீட்டுப் பேர் முன்னாடி, ஆள் பேர் பின்னாடி. காஷ்பார்னா நம்ம கஸ்பார்தானே, கிறிஸ்துமஸ் குடில்ல ஒட்டகத்தோட நிக்கிற மூணு ராஜாவுல ஒருத்தர். பிரிட்டோ வீட்டுக் குடில்ல கஸ்பாருக்கு மூக்கு உடைஞ்சு போய் ஃபெவிகால் வெச்சு ஒட்டினது, அதுக்கப்புறம் ராஜாவுக்கு எப்பவும் சளி பிடிச்ச முகம். இவருக்கு மூக்கு நல்லாத்தான் இருக்கு. வெளிநாட்டுலேருந்து வர்ற நோட்ஸையெல்லாம் வாசிக்கிறதுக்கு முன்னாடி ஒரு தடவை சரி பார்த்துக் குடுக்கிறது இவர் வேலை, துருக்கிப் படம், கொரியாப் படம், தமிழ்ப் படம். நேத்து ராத்திரி தூக்கம் வராம பிரிட்டோ இவர் பேரைப் போட்டு போன்ல தேடினான். தேடினா ஒரு பக்கம் முழுக்க வந்துச்சு, ஹங்கேரி மொழியில, அதைத் தமிழாக்குன்னு பட்டனை அழுத்தினா, இவர் இசையமைத்த முள்ளெலி மிகவும் விரும்பப்பட்டதுன்னு வந்துச்சு. விழுந்து விழுந்து சிரிச்சான். அப்புறம் பார்த்தா நெசமாவே முள்ளெலிதான், குழந்தைங்களுக்கு எடுத்த பொம்மைப் படம், அதுக்கு இவர் ம்யூசிக். அதுக்கு முன்னாடி ஓட்டல்ல அக்கார்டியன் வாசிச்சுக்கிட்டிருந்தாராம். அங்கேருந்து கவர்மெண்டு ஸ்டூடியோ, நியூஸ் ரீலுக்கு டிராக்டர் ஓடுற ம்யூசிக், அணை கட்டுற ம்யூசிக், அப்புறம் முள்ளெலி, அப்புறம் மடமடன்னு படம், சண்டைப் படம், டிராம் வண்டிக் கண்டக்டர் பொண்ணைப் பத்தி ஒரு படம், வருசத்துக்கு மூணு, வருசத்துக்கு நாலு, பிரிட்டோ கட்டை விரலால தள்ளிக்கிட்டே போனான், தள்ளத் தள்ள வந்துச்சு, ஒரு வருசத்தோட பொட்டுன்னு நின்னுபோச்சு. கவர்மெண்டு மாறிடுச்சு, ஸ்டூடியோவை மூடிட்டாங்க. அதுக்கப்புறம் ஒரே ஒரு வரி, சாக்லேட் விளம்பரம். அவ்வளவுதான். அதுக்குக் கீழ இவர் பொறந்த வருசம், பக்கத்துல ஒரு கோடு, கோட்டுக்கு அந்தப் பக்கம் காலி. அந்தக் கோட்டைப் பார்த்ததும் பிரிட்டோ போனைக் கவுத்து வெச்சுட்டான். ஆளு உசுரோட இருக்காரு, நாளைக்கு நாலு மணிக்கு லைன்ல வரப்போறாரு, இவனுங்க அதுக்குள்ள கோடு போட்டு எடம் விட்டு வெச்சிருக்கானுங்க, பஸ்ல கர்ச்சீப் போட்ட மாதிரி. தினமும் காலையில எந்திரிச்சு இந்த மனுசன் காப்பி குடிப்பாரா, என்ன நினைச்சுக்கிட்டுக் குடிப்பாரு. நாப்பது படத்துக்கு ம்யூசிக் போட்ட ஆளு அடுத்தவன் நோட்ஸ்ல தப்பு பார்த்துக்கிட்டு உட்கார்ந்திருக்கிறது எப்படி இருக்கும், எரிச்சலா இருக்குமா, இல்ல நிம்மதியா இருக்குமா, நம்ம தலை உருளாதுன்னு. அந்தப் பக்கத்துல ஒரு போட்டோ இருந்துச்சு, கிருதா வெச்ச வாலிபரா, கையில குச்சி, பின்னாடி சினிமா ஸ்க்ரீன், ஸ்க்ரீன்ல குறுக்கால வெள்ளையா ஒரு கோடு. அந்தக் காலத்துல ஃபிலிம் மேலயே கத்தியால சாய்வாக் கீறிடுவாங்களாம், ஓட்டும்போது அந்தக் கீறல் வெள்ளைக் கோடா ஸ்க்ரீன்ல இந்தக் கோடியிலேருந்து அந்தக் கோடிக்கு நடந்து போகும், கோடு போய் ஓரத்துல முட்டுற நொடியில ம்யூசிக் ஆரம்பிக்கணும். எவ்வளவு நல்ல ஏற்பாடு. வாழ்க்கையிலயும் அப்படி ஒண்ணு வந்தா, இதோ கோடு வருது, வருது, இப்ப வாயைத் திறன்னு.

ஏன்னா பிரிட்டோவுக்கு எப்பவும் கோடு வர்றதுக்கு முன்னாடியே வாய் திறந்துக்கும். காலேஜ்ல மூணாம் வருசம் மெக்கானிக்கல், ஹெச்ஓடி இன்ஜினோட படத்தைப் போர்டுல தப்பா வரைஞ்சுட்டு யாருக்காவது சந்தேகம் இருக்கான்னு கேட்டாரு, எல்லாரும் சும்மா இருந்தாங்க, இவன் மட்டும் எந்திரிச்சு, சார் இந்த வண்டி ரிவர்ஸ்ல மட்டும்தான் போகுமான்னு கேட்டான். க்ளாஸே சிரிச்சுது. அந்தச் சிரிப்பு ரொம்ப நல்லா இருந்துச்சு, இன்னமும் சில நாள் பஸ்ல போகும்போது அதை எடுத்துக் கேட்டுக்குவான். அதுக்கப்புறம் இன்டர்னல் மார்க்குல கையை வெச்சாங்க, இவனும் சரிதான் போங்கடான்னு வந்துட்டான். வந்த எடம் இது. இங்கயும் ரெண்டு தடவை ஆயிடுச்சு, ஒரு தடவை வேகத்தைத் தப்பா எழுதி அனுப்பி சாவு ஊர்வலம் ஓட்டப் பந்தயமா ஓடுச்சு, இன்னொரு தடவை வேற படத்து நோட்ஸையே மாத்தி அனுப்பிட்டான். வரதன் சார் கத்தவே இல்ல, அதான் பயம். கண்ணாடியைத் துடைச்சுக்கிட்டே, இன்னொரு தடவை ஆச்சுன்னா நீ வீட்லயே இருந்துக்க தம்பின்னாரு. இந்தப் படத்துக்குத்தான் முதல் தடவையா டைட்டில்ல பேர் போடுறதா சொல்லியிருக்காரு, இசை உதவி பிரிட்டோ, கடைசியில, எல்லாரும் எந்திரிச்சு செருப்பைத் தேடும்போது வரும், வந்தா என்ன, அம்மா உட்கார்ந்து பார்ப்பா. இப்பவே கோயில்ல பாதிப் பேர்கிட்ட சொல்லிட்டா. அந்த சீன் வேற எப்பேர்ப்பட்ட சீன். பொண்டாட்டி செத்து பதினாறு முடிஞ்ச மறுநாள், அந்தாளு சமையக்கட்டுல காலித் தட்டு முன்னாடி சும்மா உட்கார்ந்திருக்கான். பேச்சு இல்ல. டைரக்டர், இங்க ம்யூசிக்தான் சார் பேசணும்னு சொல்லிட்டுப் போயிட்டாரு, வரதன் சார் அதுக்காக ரெண்டு வாரம் மண்டையை உடைச்சுக்கிட்டு ஒரு ட்யூன் பிடிச்சாரு, பிடிச்சதை நம்பி இவன்கிட்ட குடுத்தாரு, அதுல இவன் குக்கரைப் போட்டு அனுப்பியிருக்கான். சொல்லிடலாமா. சார் வந்ததும், சார் ஒரு சின்னத் தப்பு. சின்னதுன்னா எவ்வளவு சின்னதுன்னு கேப்பாரு. அஞ்சு லிட்டர் சார். பாரு, இப்பவும் வாய் எங்க போகுதுன்னு. அழுகையும் சிரிப்பும் ஒரே குழாயில வருது.

பியானோ நின்னுபோச்சு. ஸ்க்ரீன்ல கிழவர் எந்திரிச்சு, நாற்காலிகளுக்கு நடுவுல ஒதுங்கி ஒதுங்கி நடந்து, கேமரா பக்கத்துல இருக்கிற மைக்குகிட்ட வந்தாரு. கிட்ட வந்தா முகம் பெருசா இருந்துச்சு, புருவம் ரெண்டும் வைக்கோல் மாதிரி. ஓடையில கல்லு கல்லாக் கால் வெச்சுத் தாண்டுற மாதிரி இங்கிலீஷ் பேசினாரு, சென்னையில யாராச்சும் இருக்கீங்களான்னு கேட்டாரு. பிரிட்டோ பேசுற பட்டனை அழுத்தி ஃபைவ் மினிட்ஸ் சார்னான். அஞ்சு நிமிசம் எனக்கு வேண்டாம், ஃப்ளூட் வாசிக்கிற அம்மாவுக்கு ஒரு சந்தேகம், இந்த ரெண்டு சுரமும் பியானோவுல எந்தக் கட்டையிலயும் உட்காரல, ரெண்டு கட்டைக்கு நடுவுல நிக்குது, இதைச் சரியான சுரத்துல வாசிக்கணுமா, எழுதியிருக்கிற மாதிரியே வாசிக்கணுமான்னு கேட்டாரு. கிழவர் பேப்பரைக் கேமராவுக்குக் காட்டி, விரலால தட்டி, குரலைத் தாழ்த்திக் கேட்டாரு.

"இது ஃப்ளூட் இல்லையே தம்பி. ரயிலா?"

"இல்ல சார். சோறு."

லைன் கட்டாயிடுச்சோன்னு பார்த்தான், இல்ல, வைக்கோல் புருவம் ரெண்டும் மேல போயிருந்துச்சு. பிரிட்டோவுக்கு அதுக்கு மேல நிறுத்த முடியல, குக்கர், அம்மா, தண்ணி லாரி, ஒத்தை ரூம், எல்லாத்தையும் தனக்குத் தெரிஞ்ச இங்கிலீஷ்ல கொட்டிட்டான், கேஸ் தீந்ததுக்கு இங்கிலீஷ்ல என்னன்னு தெரியாம நெருப்பு செத்துப்போச்சுன்னு சொன்னான். கிழவர் குறுக்கப் பேசாம கேட்டாரு. கேட்டுட்டு, தன்னோட முதல் பெரிய படத்தைப் பத்திச் சொல்ல ஆரம்பிச்சாரு, அந்த டிராம் கண்டக்டர் பொண்ணு படம்தான் அது. ரயில் யார்டு பக்கத்துல எடுத்த சீன், அந்தப் பொண்ணு பேசுற முக்கியமான வசனத்து மேல நெசமான இன்ஜின் ஒண்ணு ஊதிடுச்சு. மறுபடி பேச வைக்கலாம்னு பார்த்தா நடிகை ராவோட ராவா நாட்டை விட்டே ஓடிட்டா. ஊதலை வெட்டினா வசனம் போகும், வசனத்தை வெச்சா ஊதல் இருக்கும். இவர் என்ன பண்ணினாரு, அந்த இன்ஜின் எந்தச் சுருதியில ஊதியிருக்குன்னு கண்டுபிடிச்சு, அது எந்தக் கட்டையிலயும் உட்காரலைன்னு தெரிஞ்சதும், மொத்த ஆர்கெஸ்ட்ராவையும் கம்பியைத் தளர்த்தச் சொல்லி ரயிலோட சுருதிக்கு இறக்கி வாசிக்க வெச்சாரு. வாசிச்சவங்க திட்டினாங்களாம். நியூஸ் பேப்பர்ல, இந்த இளைஞரோட இசையில ஒரு தேசத்தோட துக்கமே கேக்குதுன்னு எழுதினாங்களாம். நாப்பது வருசமா எல்லாரும் என் துக்கத்தைப் பத்தியே கேக்குறாங்க, அது பயணிங்க ரயில் கூட இல்ல, சர்க்கரைக் கிழங்கு ஏத்திக்கிட்டுப் போற கூட்ஸ்னு சொல்லிட்டுக் கிழவர் சிரிச்சாரு, சிரிச்சா தோள் மட்டும் குலுங்குது. அப்புறம் சிரிப்பை அப்படியே மடிச்சு வெச்சுட்டுக் கேட்டாரு, பென்சில் கையில இருக்கு, இந்த ரெண்டையும் அடிச்சுடவா, உங்க ஆள் வர்றதுக்குள்ள அடிச்சுட்டா யாருக்கும் தெரியாது. எவ்வளவு சுளுவு. சரி சார்னு ஒரு வார்த்தை. வேலை இருக்கும், பேர் இருக்கும், அம்மா கோயில்ல தலை நிமிர்ந்து நடப்பா. வெள்ளைக் கோடு ஸ்க்ரீன்ல நடந்து வர்றது அவன் கண்ணுக்கே தெரிஞ்சுது, சரின்னு சொல்லு, சரின்னு சொல்லு. ஆனா மண்டைக்குள்ள வேற ஒண்ணு அரிச்சுது, அறுபது பேர் சேர்ந்து வாசிச்சா அது எப்படி இருக்கும், ப்ரேக்குக்கு முன்னாடி ஒப்புக்கு வாசிச்சப்பவே பசிச்சுதே, முழுசா வாசிச்சா என்ன ஆகும், இனிமே இதைக் கேக்கவே முடியாதே. இருக்கட்டும் சார்னு வாய் சொல்லிடுச்சு. கோட்டுக்கு முன்னாடியே. மறுபடியும். வேணாம் சார் அடிச்சுடுங்கன்னு சொல்றதுக்குப் பட்டனைத் தேடும்போது கதவு திறந்து வரதன் சார் வந்தாரு, கையில வாழைக்கா பஜ்ஜிப் பொட்டலம், பின்னாடியே முஸ்தபா பாய்.

அதுக்கப்புறம் எதுவும் பிரிட்டோ கையில இல்ல. நாற்காலி எல்லாம் நிறைஞ்சுது, பச்சை ஸ்வெட்டர் அம்மா வாயைத் துடைச்சுக்கிட்டு உட்கார்ந்தாங்க, ஆர்கெஸ்ட்ராவை நடத்துறவர் கையைத் தூக்கினாரு, இங்க டிவியில சீன் ஓட ஆரம்பிச்சுது, அந்தாளு, காலித் தட்டு, ஜன்னல் வெளிச்சம். வயலின் எல்லாம் மெதுவா வந்து உட்கார்ந்துச்சு, வரதன் சார் ட்யூன், நல்ல ட்யூன், பிரிட்டோ தரையைப் பார்த்துக்கிட்டிருந்தான், தரையில ஒரு பஜ்ஜித் துணுக்கு கிடந்துச்சு, அதை ஒரு எறும்பு இழுத்துக்கிட்டுப் போகுது, வாழ்க்கையில இந்த எறும்பா இருந்திருக்கலாம்னு நினைச்சான். ஃப்ளூட் வந்துச்சு. கீழேருந்து வழுக்கி மேல போய் நின்னுச்சு. இந்தத் தடவை வயலினுங்க அதுக்குக் கீழ லேசா இறங்கினாங்க, எழுதாத இறக்கம், ப்ரேக்குல கிழவர் யார் காதுலயோ ஏதோ ஓதியிருக்காரு, அதனால அந்தச் சுரம் தப்பாத் துருத்திக்கிட்டு நிக்காம ஒரு வீட்டுக்குள்ள நிக்கிற மாதிரி நின்னுச்சு. டிவியில அந்தாளு தலையை லேசாத் திருப்பினான். அவன் அப்படித் திருப்புறது எடுக்கும்போதே எடுத்தது, எதுக்குத் திருப்பினான்னு டைரக்டருக்கே தெரியாது, இப்பத் தெரிஞ்சுது. ரெண்டாவது தடவை. அப்புறம் வயலின் மட்டும், வயலின் மட்டும், தேய்ஞ்சு தேய்ஞ்சு முடிஞ்சுது. பிரிட்டோ தலையைத் தூக்காம சார் முகத்தைப் பார்க்கிறதுக்கு டிவி கண்ணாடியில தெரியுதான்னு பார்த்தான், தெரிஞ்சுது, சார் வாயில பாதி பஜ்ஜி, மெல்லல. இன்னிக்கு ராத்திரி அம்மாகிட்ட என்ன சொல்றது, லீவு விட்டுட்டாங்கன்னு சொல்லலாமா. சார் முழுங்கினாரு. முழுங்கிட்டு டிவியைப் பார்த்துக்கிட்டே சொன்னாரு, என்னமோ ஒண்ணு குறையுதே. முஸ்தபா பாய் சட்டுன்னு, ஆமா சார், இன்னொரு தடவை வரணும்னாரு. ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கிட்டாங்க, ஏன் அப்படிச் சொன்னோம்னு ரெண்டு பேருக்குமே தெரியல. சார் பட்டனை அழுத்தி, மிஸ்டர் ரேதெய், அந்த ஃப்ளூட் இன்னொரு தடவை வேணும்னாரு. கிழவர் கேமராவைப் பார்த்தாரு, சாரைப் பார்க்கல, சாருக்குப் பின்னாடி எங்கேயோ, பிரிட்டோ உட்கார்ந்திருந்த பக்கமாப் பார்த்து, ஏன் மூணுன்னு கேட்டாரு. தெரியல, மூணுதான்னாரு சார். கிழவரோட தோள் குலுங்குச்சு. பென்சிலை எடுத்து எழுதினாரு.

மறுபடி டேக். காலித் தட்டு, ஜன்னல் வெளிச்சம். ஒண்ணு. ரெண்டு. வயலின் மட்டும், தேய்ஞ்சுக்கிட்டே போகுது, அணையப் போற மாதிரி, கேஸ் தீரப் போற மாதிரி, பிரிட்டோவுக்கு அந்த அரைவேக்காட்டுச் சோறு பல்லுல நறநறன்னுச்சு. அப்ப மூணாவது வந்துச்சு. அவன் எந்திரிச்சுட்டான். தான் எந்திரிச்சதே தெரியாம நாற்காலியைத் தள்ளிக்கிட்டு எந்திரிச்சு, வலது கை முன்னாடி நீண்டு அடுப்புத் திருகைத் தேடுச்சு, நடுக் காத்துல ரெண்டு விரல் திருப்பின மாதிரி திரும்பி நின்னுச்சு. ம்யூசிக் முடிஞ்சுது. அறுபது ஹங்கேரிக்காரங்க வில்லை அசைக்காம உட்கார்ந்திருந்தாங்க. சாலிகிராமத்துல பிரிட்டோ இல்லாத அடுப்பை அணைச்சுக்கிட்டு நின்னான். வரதன் சார் நாற்காலியோட மெதுவாத் திரும்பி அவன் மூஞ்சியைப் பார்க்கல, அந்தக் கையைப் பார்த்தாரு, அந்த ரெண்டு விரலைப் பார்த்தாரு. கண்ணாடியைக் கழட்டினாரு. துடைச்சாரு. துடைச்சு முடிச்சு மாட்டிக்கிட்டு, பஜ்ஜிப் பொட்டலத்தை அவன் பக்கமா நகர்த்தினாரு.

"அடுத்த தடவை மைக்கைக் கொஞ்சம் கிட்ட வை. ஆவி சத்தமும் சேர்ந்து வரட்டும்."

அடுத்த தடவை. பிரிட்டோ உட்கார்ந்தான். ஸ்க்ரீன்ல கிழவர் மைக்குகிட்டக் குனிஞ்சு, சென்னையில எல்லாம் சரியா இருக்கான்னு கேட்டுக்கிட்டிருந்தாரு. சார் பிரிட்டோவைப் பார்த்து, பதில் சொல்லுன்னு தாடையைக் காட்டினாரு. அவன் பட்டனை அழுத்தினான்.

"வெந்துடுச்சு சார்."